கேட்டதும் சொன்னதும்: பாலையா ஸ்பெஷல்

கேள்வி: டி.எஸ்.பாலையா வில்லனா, காமெடியனா, குணச்சித்திர நடிகரா? பேரன் கேட்கிறான்.
(தூத்துக்குடி வாசகர்)

மூன்றும்தான் என்று சொல்லித் தப்பித்துவிடலாம். ஆனால் என்னைக் கேட்டால், அவர் கடைசி வரை வில்லன்தான். ஜனங்கள்தான் ஒரு கட்டத்தில் பயப்படுவதை விட்டுவிட்டுச் சிரிக்க ஆரம்பித்தார்கள்.

1936இல் வந்த 'சதிலீலாவதி'யில் நாயகன் எம்.கே.ராதாவைக் கெட்ட வழிக்கு இழுக்கிற ஆள் பாலையா. எம்.ஜி.ஆருக்கும் அதுதான் முதல் படம். சின்ன போலீஸ் வேஷம். இருபது வருஷம் கழித்து 'மதுரை வீர'னில் எம்.ஜி.ஆர். நாயகன் ஆகிவிட்டார், பாலையா மட்டும் எதிரணியிலேயே, நரசப்பனாக! நடுவில் 1949 'வேலைக்காரி'யில் கத்தியைத் தீட்டாதே, புத்தியைத் தீட்டு என்று யோசனை சொல்லும் மணியாக வந்து பேர் வாங்கியதும் உண்டு.

'தூக்குத் தூக்கி' (1954) படத்தில் பாலையா போட்ட சேட் வேஷத்தைப் பேரனுக்குக் காட்டுங்கள். அடுத்தவன் பெண்டாட்டியோடு தொடுப்பு வைத்திருக்கிற கயவன்தான். ஆனால் அந்த 'நம்பள்கி, நிம்பள்கி' தமிழைக் கேட்டுக் கோபப்பட யாரால் முடியும்? பிற்பாடு அப்பா வேஷங்களில் அதே விறைப்பு, அதே அதட்டல். அதட்டினால் நடுங்க வீட்டில் யாரும் இல்லை, அவ்வளவுதான் வித்தியாசம்.

கேள்வி: 'காதலிக்க நேரமில்லை'யில் நாகேஷ் பேய்க்கதை சொல்லும் காட்சி. உங்கள் ஓட்டு யாருக்கு?
(காரைக்குடி வாசகி)

பாலையாவுக்கு. சண்டைக்கு வராதீர்கள், காரணம் சொல்கிறேன்.

கதவு கிறீச்சிடுவது முதல் காலடிச் சத்தம் வரை எல்லாம் நாகேஷ் வாயாலேயே வருகிறது. அபாரம், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அந்தச் சத்தம் நமக்குப் பயமாகவா இருக்கிறது? இல்லை. பயந்தவர் பாலையா, அந்த முகத்தைப் பார்த்துத்தான் நாம் சிரிக்கிறோம். எஸ்டேட் முதலாளி, காசில் குறி, மகன் நாகேஷ் எடுக்கப்போகும் படத்தில் துளி நம்பிக்கை இல்லை. 'இவன் என்னத்தைச் சொல்லிவிடப் போகிறான்' என்றுதான் உட்காருகிறார். கொஞ்சம் கொஞ்சமாகக் கண் விரிகிறது, வாய் கோணுகிறது, உடம்பு நாற்காலிக்குள் ஒடுங்குகிறது. வசனம் என்று பார்த்தால் அவருக்கு அங்கே ஏறக்குறைய ஒன்றுமில்லை. இந்தக் காலத்து நடிகர்கள் எதிரில் நிற்பவர் பேசி முடிக்கும்வரை தன் முறைக்காகக் காத்திருக்கிறார்களே தவிர, யார் காது கொடுத்துக் கேட்கிறார்கள்? அடுத்த முறை டிவியில் போட்டால் நாகேஷை விட்டுவிட்டுப் பாலையாவை மட்டும் பாருங்கள்.

கேள்வி: 'ஒரு நாள் போதுமா' பாடலைப் பாலையாவே பாடினார் என்று என் மாமா சாதிக்கிறார்.
(கும்பகோணம் வாசகர்)

பாடியவர் பாலமுரளிகிருஷ்ணா. இசை கே.வி.மகாதேவன், படம் 1965இல் வந்த 'திருவிளையாடல்'. மாமாவைத் திட்டாதீர்கள், அவர் ஏமாந்ததில் நியாயம் இருக்கிறது. குரல் ஒருவருடையது, திமிர் இன்னொருவருடையது என்று பிரித்துச் சொல்லவே முடியாதபடி ஒட்டிக்கொண்டது. பாண்டியன் சபையையே அற்பமாகப் பார்க்கும் அந்த ஹேமநாத பாகவதர் (பாலையாவின் வேஷம்), திண்ணையில் ஒரு விறகுவெட்டி பாடுவதைக் கேட்டுவிட்டு ஊரைவிட்டே கிளம்புகிறாரே, அங்கே மட்டும் பழைய வில்லன் வாலைச் சுருட்டிக்கொள்வதைப் பார்க்கலாம்.

சரி, மாமாவிடம் இதையும் கேளுங்கள்: 'தில்லானா மோகனாம்பா'ளில் தவில் வாசித்ததும் பாலையாவேதானாமா?

கேள்வி: இன்றைக்குப் பாலையா இடத்தில் யாரை வைப்பீர்கள்?
(சேலம் வாசகர்)

அவர் 1972இல் போனார். ஆள் கிடைக்காமல் இல்லை. 'பாமா விஜயம்' அப்பா மாதிரி ஒரு வேஷத்தை முதலில் யாராவது எழுதட்டும். இப்போதெல்லாம் அப்பா என்றால் இரண்டாவது ரீலிலேயே மாரடைப்பு.