சபை மாறினால் ஞானஸ்நானம் போய்விடுமா?

யாழ்ப்பாணத்தில் கத்தோலிக்கராக வளர்ந்து, பெந்தெகொஸ்தே சபைக்குப் போக யோசிப்பவர்கள் கேட்பது இது. போகாது. ஞானஸ்நானம் வேறு, சபை அங்கத்துவம் வேறு. ஒரு கிராம சேவையாளர் பிரிவிலிருந்து இன்னொன்றுக்குக் குடிபோனால் வாக்காளர் இடாப்பில் இடம் மாறும், பிறப்புச் சான்றிதழ் மாறாது, அதுபோலத்தான்.

திருமுழுக்கு, அதாவது ஞானஸ்நானம், அழியாத முத்திரை என்பது கத்தோலிக்கப் போதனை. அது நடந்ததைப் பங்குக் கோவிலின் பதிவேட்டில் எழுதுவார்கள், பிறகு கலியாணத்தையும் அதே பெயருக்குப் பக்கத்தில் குறிப்பார்கள். திரும்பி வந்தாலும் மறுபடி திருமுழுக்கு இல்லை. பெந்தெகொஸ்தே சபைகளோ பொதுவாகக் குழந்தை ஞானஸ்நானத்தை ஏற்பதில்லை; வளர்ந்தபின் தண்ணீரில் முழுகி எடுக்கச் சொல்வார்கள். சரி, அதற்கு மனம் ஒப்புகிறதா? என்னைக் கேட்டால், யோசிக்க வேண்டியது அங்கேதான். சுவாமியாரோடு கோபம் என்றால் பக்கத்துப் பங்குக்குப் போனாலே போதும்.

அப்புறம், சபையை விட்டவர் கிறிஸ்துவையே விட்டார் என்று சொந்தக்காரர் சொல்வது தவறு.