ஸ்டான்ஃபோர்ட் ஷாப்பிங் சென்டர்: நிலம் ஒருவருக்கு, கடை இன்னொருவருக்கு (கேள்வி-பதில்)

கேள்வி: கலிஃபோர்னியாவின் பாலோ ஆல்டோவில் இருக்கும் ஸ்டான்ஃபோர்ட் ஷாப்பிங் சென்டருக்கும் ஸ்டான்ஃபோர்ட் பல்கலைக்கழகத்துக்கும் என்ன தொடர்பு? இவ்வளவு பெரிய வளாகத்துக்கு ஏன் கூரை போடவில்லை?

பதில்: நிலம் பல்கலைக்கழகத்துடையது. 1885இல் அதை நிறுவிய தம்பதி லேலண்ட் ஸ்டான்ஃபோர்டும் ஜேன் ஸ்டான்ஃபோர்டும் எழுதிக் கொடுத்த நன்கொடைப் பத்திரத்திலேயே, நிலத்தை விற்கக் கூடாது என்ற நிபந்தனை இருக்கிறது. எட்டாயிரம் ஏக்கருக்கு மேல் நிலம் இருந்தும் விற்றுப் பணமாக்க வழியில்லை. குத்தகைக்கு விடலாம், அவ்வளவுதான். அந்த வழியில் 1951இல் தொழிற்பூங்கா வந்தது. 1955இல் எல் கமீனோ ரியல் சாலைக்கும் சேண்ட் ஹில் சாலைக்கும் இடையே கடைகள் திறக்கத் தொடங்கின. பக்கத்தில், ஒயின் தயாரிக்க 1888இல் கட்டிய செங்கல் கட்டடம் இன்றும் நிற்கிறது. ‘ஸ்டான்ஃபோர்ட் பார்ன்’ என்பார்கள். வளாகத்தை நடத்தும் உரிமையையும் குத்தகையையும் 2003இல் மால்களை நடத்தும் சைமன் பிராப்பர்ட்டி குரூப் நிறுவனம் வாங்கியது. நிலம் பல்கலைக்கழகத்துக்கு, வளாகம் சைமனுக்கு, பொருள் கடைக்காரருக்கு என்று மூன்று கைகள் இருப்பதை நினைவில் வையுங்கள். கீழே வரும் பல பதில்களுக்கு இதுதான் அடிப்படை.

கூரை விஷயம்: 1950களில் புறநகர்க் கடைத்தொகுதி என்றாலே திறந்தவெளிதான். சியாட்டிலில் 1950இல் திறந்த நார்த்கேட்டும் அப்படித்தான் தொடங்கியது. கூரை பிறகு வந்தது. முழுக்க மூடி, குளிரும் வெப்பமும் கட்டுப்படுத்திய முதல் மால், கட்டடக் கலைஞர் விக்டர் குரூன் வடிவமைத்த சவுத்டேல். மினசோட்டாவின் பனிக்காக 1956இல் கட்டியது. அதைப் பார்த்து மற்ற ஊர்களும் மூடத் தொடங்கின. சான் ஹோசேயில் திறந்தவெளியாக இருந்த இரண்டு தொகுதிகளை 1986இல் ஒன்றாக இணைத்து மூடியதுதான் இன்றைய வேலி ஃபேர். பாலோ ஆல்டோவில் மழை பெரும்பாலும் நவம்பர் முதல் மார்ச் வரைதான், கோடையில் துளி விழுவது அபூர்வம். இங்கே கூரை இல்லாதது குறையாகவே தெரியவில்லை. ஒன்று மட்டும் கவனியுங்கள்: ஒவ்வொரு கடைக்கும் வெளியிலிருந்தே வாசல் இருப்பதால், போக வேண்டிய கடையை முதலில் வரைபடத்தில் பார்த்து, அந்தப் பக்கத்திலேயே காரை நிறுத்துங்கள். பார்க்கிங் இலவசம். ரயிலில் வருபவர்களுக்கு, பாலோ ஆல்டோ கால்ட்ரெயின் நிலையத்திலிருந்து எல் கமீனோவைக் கடந்தால் சற்றே நடக்கும் தூரம்தான்.

கேள்வி: தொடக்கத்தில் இருந்த கடைகள் என்னவாயின?

பதில்: முதல் பெரிய கடை ‘எம்போரியம்’, சான் ஃபிரான்சிஸ்கோவின் பழைய கடை நிறுவனம். 1995இல் அதன் தாய் நிறுவனம் கைமாறியதும் அந்தப் பெயர் மறைந்தது. 1996இல் அதே இடத்தில் புளூமிங்டேல்ஸ் வந்தது. அது 2014இல் சிறிய புதிய கட்டடத்துக்கு மாற, பழையதை இடித்தார்கள். 1977இல் ராய் ரேமண்ட் முதல் விக்டோரியாஸ் சீக்ரெட் உள்ளாடைக் கடையைத் திறந்ததும் இந்த வளாகத்தில்தான். ஆப்பிள் 2004இல் சோதித்துப் பார்த்த குட்டிக் கடைகளில் ஒன்றும் இங்கே இருந்தது.

கேள்வி: வாங்கிய மேல்கோட்டு பிடிக்கவில்லை. கடையில் ‘எக்ஸ்சேஞ்ச் மட்டும்’ என்கிறார்கள். மால் அலுவலகத்தில் புகார் கொடுக்கலாமா?

பதில்: மால் அலுவலகம் உங்களுக்கு எதையும் விற்கவில்லை, அங்கே போவது வீண் அலைச்சல். கடையைத்தான் பிடிக்க வேண்டும்.

கலிஃபோர்னியச் சட்டப்படி, ரசீதுடன் 7 நாளுக்குள் வந்தால் முழுப் பணமோ, கிரெடிட்டோ, மாற்றுப் பொருளோ தரும் கடை தனியாக அறிவிப்பு வைக்க வேண்டியதில்லை. அதற்கும் குறைவாகத் தருகிற கடை, தன் நிபந்தனையை வாசலிலோ, பில் போடும் இடத்திலோ, விலைச்சீட்டிலோ தெளிவாக எழுதி வைத்தாக வேண்டும். எழுதி வைக்காவிட்டால், வாங்கிய நாளிலிருந்து 30 நாளுக்குள் திருப்பிக் கொடுத்து முழுப் பணத்தையும் கேட்கலாம். உணவு, பூ, செடி, உங்களுக்கென்றே செய்த பொருள், ‘ஃபைனல் சேல்’ என்று குறித்தவை, பெட்டி இல்லாதவை, வாங்கிய பின் சேதமானவை, சுகாதாரக் காரணத்தால் மறுபடி விற்க முடியாதவை இதில் சேராது. உங்கள் கடை 7 நாள் எக்ஸ்சேஞ்ச் தருகிறது என்றால், பணம்தான் வேண்டும் என்று சட்டத்தைக் காட்டி வற்புறுத்த முடியாது.

பழுதான பொருளின் கதை வேறு. புதிய மின்சாதனம், மரச்சாமான் போன்றவற்றுக்கு எழுத்தில் உத்தரவாதம் கொடுத்திருந்தால், கூடவே எழுதப்படாத உத்தரவாதமும் சட்டப்படி உண்டு. அது 60 நாளுக்குக் குறையாது, ஓராண்டுக்கு மேல் போகாது. துணிமணி இந்தப் பிரிவில் வராது. பலர் இங்கேதான் தடுக்கி விழுகிறார்கள்.

வாங்கிய அன்றே ரசீதைப் படம் எடுத்துவிடுங்கள். பில் தாள் வெப்பத்தில் அச்சாவது, சில மாதத்தில் எழுத்து வெளிறிப் போகும். முடிவு செய்யும் வரை டேகை வெட்டாதீர்கள். கடை மறுத்தால் மேலாளரிடம் எழுத்தில் பதில் கேளுங்கள். கிரெடிட் கார்டில் வாங்கி, தவறான தொகை ஏறியிருந்தாலோ பொருள் வந்து சேராவிட்டாலோ, அந்தத் தொகை வந்த முதல் ஸ்டேட்மென்ட் அனுப்பிய நாளிலிருந்து 60 நாளுக்குள் வங்கிக்கு எழுத வேண்டும். அதற்கும் மேலே போனால், சிறு தொகை வழக்குகளுக்கான ஸ்மால் கிளெய்ம்ஸ் நீதிமன்றம்: தனிநபர் 12,500 டாலர் வரை கேட்கலாம், கட்டணம் 30 முதல் 75 டாலர், வக்கீல் வேண்டாம். அங்கே எதிர்மனுதாரராக மாலின் பெயரைப் போட்டால் வழக்கு நிற்காது. பலகையில் உள்ள பெயரும் போதாது. கடையை நடத்தும் நிறுவனத்தின் பதிவுப் பெயர் வேண்டும். மாநிலச் செயலர் அலுவலகத்தின் இணையத் தேடலில் இலவசமாகக் கிடைக்கும்.

கேள்வி: மால் பெயரில் ஒரு கிஃப்ட் கார்டு, ஒரு கடையின் பெயரில் ஒரு கிஃப்ட் கார்டு, இரண்டும் பரிசாக வந்தன. வித்தியாசம் உண்டா?

பதில்: நிறைய உண்டு. ஒரே கடை விற்ற கார்டுக்குக் கலிஃபோர்னியாவில் காலாவதி கிடையாது. மிச்சம் 15 டாலருக்குக் கீழே இருந்தால் (2026 மார்ச் வரை இது 10 டாலர்) ரொக்கமாகக் கேட்டு வாங்கலாம். பல கடைகளில் செல்லும் மால் கார்டுக்கு, காலாவதி தேதி அதில் அச்சாகியிருந்தால், இந்த மாநிலப் பாதுகாப்பு பொருந்தாது. கூட்டாட்சிச் சட்டம் மட்டுமே காக்கும்: பணம் குறைந்தது 5 ஆண்டு செல்ல வேண்டும், 12 மாதம் தொடாமல் வைத்திருந்தால் மாதம் ஒரு முறை கட்டணம் பிடிக்கலாம். ஆகவே மால் கார்டை முதலில் செலவழியுங்கள்.

கேள்வி: ரேக்கில் 59 டாலர், பில்லில் 69. ‘சலுகை முடிந்துவிட்டது’ என்கிறார்கள்.

பதில்: பலகையை எடுக்க மறந்தது அவர்கள் தவறு. விளம்பரம் செய்த அல்லது ஒட்டி வைத்த விலையில் எது குறைவோ அதற்கு மேல் வாங்குவது மாநிலச் சட்டப்படி குற்றம். பலகையைப் படம் எடுத்துக் காட்டுங்கள். அப்படியும் மறுத்தால் கவுன்டியின் எடை, அளவை அலுவலகத்துக்கு எழுதுங்கள். அடித்துக் காட்டும் ‘பழைய விலை’க்கும் விதி உண்டு: அதற்கு முந்தைய 3 மாதத்தில் சந்தையில் நடப்பில் இருந்த விலையாக அது இருக்க வேண்டும்.

கேள்வி: பணம் கட்டும்போது ஜிப் கோடு (அஞ்சல் குறியீட்டு எண்), ஃபோன் நம்பர் கேட்கிறார்கள். கொடுத்தே ஆக வேண்டுமா?

பதில்: கிரெடிட் கார்டில் கட்டும்போது அதை நிபந்தனையாக வைக்கக் கூடாது. ஜிப் கோடும் தனிப்பட்ட தகவல்தான் என்று கலிஃபோர்னிய உச்ச நீதிமன்றம் 2011இல் தீர்ப்பளித்தது. ‘தர விரும்பவில்லை’ என்றால் போதும். வீட்டுக்கு டெலிவரி கேட்டால் முகவரி தரத்தான் வேண்டும்.

கேள்வி: தனியார் வளாகத்தில் கையெழுத்து வேட்டை, துண்டுப்பிரசுரம் எல்லாம் நடக்கிறதே, அனுமதி உண்டா?

பதில்: கலிஃபோர்னியாவில் உண்டு. சான் ஹோசே பக்கத்தில் கேம்ப்பெல் ஊரின் புரூன்யார்டு, இதுவும் திறந்தவெளிக் கடைத்தொகுதி. அங்கே மேசை போட்டுக் கையெழுத்து வாங்கிய உயர்நிலைப் பள்ளி மாணவர்களைக் காவலர் வெளியேறச் சொன்னார். மாணவர்கள் வழக்குப் போட்டார்கள். மாநில அரசியலமைப்பு அந்த உரிமையைத் தருகிறது என்று 1979இல் மாநில உச்ச நீதிமன்றம் சொன்னது. 1980இல் அமெரிக்க உச்ச நீதிமன்றமும் அதை ஏற்றது. இடமும் நேரமும் நியாயமான அளவில் வரையறுக்க நிர்வாகத்துக்கு உரிமை உண்டு. நம் ஊர்ச் சங்கங்கள் மனுவுக்குக் கையெழுத்து வாங்க நினைத்தால், முதலில் மால் அலுவலகத்தில் விதிகளைக் கேட்டு வாங்குங்கள். இதற்கு அந்த அலுவலகம்தான் சரியான இடம்.

கேள்வி: கோவையிலிருந்து அம்மா அப்பா வந்திருக்கிறார்கள். ஊருக்குத் திரும்பும்போது விமான நிலையத்தில் வரியைத் திரும்ப வாங்கலாமா? ஹேர் டிரையர் வாங்கிக்கொண்டு போகலாமா?

பதில்: கலிஃபோர்னியாவில் சுற்றுலாப் பயணிகளுக்கு விற்பனை வரி திரும்பக் கிடைக்காது. மாநில அளவில் 7.25 சதவீதம், உள்ளூர் வரியும் சேர்ந்து பாலோ ஆல்டோவில் 9 சதவீதத்தைத் தாண்டும். துணிக்கும் வரி உண்டு. விலைச்சீட்டில் அது சேர்ந்திருக்காது. 80 டாலர் சட்டைக்கு 87 டாலருக்கு மேல் எடுத்து வையுங்கள்.

ஹேர் டிரையர் வேண்டாம். இங்கே 120 வோல்ட், நம் ஊரில் 230. சூடேற்றும் சாதனத்துக்கு வோல்டேஜ் ஏறக்குறைய இரட்டிப்பானால் மின்திறன் மூன்றரை மடங்குக்கு மேல் போகும். செருகிய சில நொடியில் கம்பிச்சுருள் எரிந்துவிடும். 1,800 வாட் டிரையருக்கு ஏற்ற டிரான்ஸ்ஃபார்மர் டிரையரைவிடக் கனமாக இருக்கும். கைப்பேசி, லேப்டாப் சார்ஜர்களில் பெரும்பாலும் ‘100–240 வோல்ட், 50/60 ஹெர்ட்ஸ்’ என்று பொடி எழுத்தில் இருக்கும். அவற்றுக்கு பிளக் அடாப்டர் போதும். பெட்டியில் இருப்பதை நம்பாமல், சாதனத்தின் மேலேயே அந்த வரியைப் படித்த பிறகு பணம் கட்டுங்கள்.