பேய்ப் படத்தில் பங்க் ராக் என்கிற வேகமான, இரைச்சலான ராக் இசை ஓடினால் பயம் போய்விடாதா?

பல படங்களில் போய்விடும்தான். 1985-ல் டான் ஓபனான் எடுத்த 'தி ரிட்டர்ன் ஆஃப் தி லிவிங் டெட்' பாருங்கள். தி கிராம்ப்ஸ், 45 கிரேவ், டி.எஸ்.ஓ.எல். என்று ஒரு பங்க் கூட்டமே அதில் பாடியிருக்கிறது. கல்லறையிலிருந்து பிணங்கள் எழுந்து வரும்போது 'பார்ட்டிடைம்' பாட்டு! திருவிழாவில் பேண்டு செட் அடித்தது மாதிரி எனக்குச் சிரிப்புதான் வந்தது. அவர்களும் அதற்காகத்தான் வைத்திருக்கிறார்கள், அது பாதி காமெடிப் படம்.

ஆனால் 'பெட் செமட்டரி' (1989) வேறு. அதன் கதையை எழுதிய ஸ்டீபன் கிங்குக்கு ராமோன்ஸ் என்ற பங்க் குழுவை ரொம்பப் பிடிக்கும். படம் முடிந்து பெயர்கள் ஓடும்போது வருவது அவர்கள் அதற்கென்றே செய்த பாட்டு. எனக்கு அது பெரிதாகத் தோன்றவில்லை. நடுவில் ஒரு லாரி வருகிறதே, அதுதான். டிரைவர் ராமோன்ஸின் 'ஷீனா இஸ் எ பங்க் ராக்கர்' கேட்டுக்கொண்டே உற்சாகமாக ஓட்டி வருகிறார். மூன்று நிமிடம்கூட இல்லாத, துள்ளலான பாட்டு. அந்த ரோட்டை நோக்கி ஒரு சின்னப் பையன் ஓடிக்கொண்டிருக்கிறான்.

நான் குன்னூர்க்காரன். பக்கத்திலேயே காட்டேரி என்று ஓர் ஊர் இருக்கிறது, அந்தப் பெயரைக் கேட்டு இங்கே யாரும் பயந்ததில்லை. எங்களுக்குப் பயமெல்லாம் லாரிதான். மேட்டுப்பாளையம் ரோட்டில் 14 கொண்டை ஊசி வளைவு. மேகம் இறங்கிவிட்டால் பத்தடிக்கு அப்பால் ஒன்றும் தெரியாது. லைட்டுக்கு முன்னால் பாட்டுதான் வந்து சேரும். குத்துப்பாட்டு கேட்டதும் சுவரோடு ஒட்டி நிற்கச் சின்ன வயதிலேயே பழகியிருந்தோம்.

வழக்கமான பேய்ப் படத்தில் வயலின் கிறீச்சிட்டு 'ஏதோ வரப்போகிறது' என்று நம்மை உஷார்ப்படுத்திவிடும். அந்த இசை நமக்கு மட்டும்தான் கேட்கும், படத்தில் இருப்பவர்களுக்குக் கேட்காது. இங்கே பாட்டு டிரைவருக்காக ஓடுகிறது. அதற்குப் பையன் இருப்பதே தெரியாது, அதுபாட்டுக்குக் குதித்துக்கொண்டு வருகிறது. சோக வயலின் போட்டிருந்தால் நான் அழுதிருப்பேன். இதில் வயிற்றைப் பிசைந்தது.

அப்பா தேயிலை லோடு லாரி ஓட்டியவர். அந்தக் காட்சியை அவருக்குப் போட்டுக் காட்டினேன். பங்க், ராமோன்ஸ் எல்லாம் அவர் காதில் ஏறவில்லை. "வீடு இருக்கிற ரோட்டுல எதுக்கு இவ்ளோ சத்தமா வெச்சிருக்கான்?" என்றார். அப்புறம் டிவியை நிறுத்தச் சொல்லிவிட்டார்.