வாளையாறு தாண்டி ஐஸ்லாந்து வரை: லாரி கேம் கேள்வி பதில்

யூரோ டிரக் சிமுலேட்டர் 2 பற்றியும் அதில் சேர்க்கும் பெரிய மேப்கள் பற்றியும் வாளையாறு, வேலந்தாவளம், கொழிஞ்சாம்பாறை என்று தமிழ்நாடு-கேரள எல்லைப் பக்கத்து நண்பர்கள் கேட்டவற்றுக்கு என் பதில்கள்.

அண்ணா, சண்டையும் இல்லை, ரேஸும் இல்லை. லாரியை ஓட்டிக்கொண்டே போவதில் மணிக்கணக்காக எப்படி உட்கார முடிகிறது? (கல்லூரி மாணவர், கொழிஞ்சாம்பாறை)

கைக்கு வேலை இருந்துகொண்டே இருக்கிறது தம்பி, அதுதான் காரணம். டிரெய்லரை மாட்ட வேண்டும், டீசல் பார்க்க வேண்டும், சொன்ன நேரத்துக்குள் இறக்க வேண்டும். ரொம்ப நேரம் ஓட்டினால் டிரைவர் கொட்டாவி விடுவார், திரை ஒரு கணம் இருண்டு தெளியும். அப்போது பார்க்கிங் தேடியே ஆக வேண்டும். ராத்திரி மழையில் வைப்பரின் வேகத்தைக் கூட்டி, எதிரே வண்டி வந்தால் லைட்டை டிம் செய்து ஓட்டிப் பார். எதுவும் பெரிய சாகசம் இல்லை. ஆனால் கவனம் வேறு எங்கும் போகாது.

கூடவே வரும் மேப்பே பெரிசாக இருக்கிறது. அப்புறம் எதற்கு இன்னும் மேப்? (வாளையாறு)

நான் மணிக்கணக்கில் பேசக்கூடிய கேள்வி இது. செக் நாட்டு எஸ்சிஎஸ் நிறுவனம் 2012-இல் கேமை வெளியிட்டபோது மேப் ஐரோப்பாவின் நடுப்பகுதியோடும் பிரிட்டனோடும் நின்றுவிட்டது. அப்புறம் ஸ்காண்டிநேவியா, பிரான்ஸ், இத்தாலி, பால்டிக், கருங்கடல், ஐபீரியா, மேற்கு பால்கன் என்று ஒவ்வொன்றாகச் சேர்ந்து, 2024 கடைசியில் கிரீஸும் வந்தது. இதற்கு மேல் ரசிகர்கள் சேர்ந்து உருவாக்கிய புரோமாட்ஸ் என்ற மேப் இருக்கிறது. அதில் ஐஸ்லாந்தும் பாரோ தீவுகளும்கூட உண்டு. அங்கே கப்பல் ஏறித்தான் போக வேண்டும்.

எண்ணிக்கைக்காக இதைச் சொல்லவில்லை. சாலை முடியும் இடம் தெரிந்துவிட்டால் ஓட்டுவது வெறும் வேலையாகிவிடும். முடிவு தெரியாதவரைதான் அது பயணம். எல்லையில் வளர்ந்த நமக்கு இது சட்டென்று புரியும். வாளையாறு தாண்டினால் போர்டில் எழுத்து மாறுகிறது, கடைகளின் முகம் மாறுகிறது, பாலக்காட்டுக் கணவாயின் காற்றே வேறு. ருமேனியாவில் லோடு ஏற்றி, தன்யூப் ஆற்றைத் தாண்டி பல்கேரியாவுக்குள் போய்ப் பாருங்கள். போர்டுகளில் சிரிலிக் எழுத்து வரும், சாலையின் தரம் மாறும், ஊர்களின் கட்டட வாகு மாறும். இன்னும் தெற்கே கிரீஸில் கிரேக்க எழுத்து. இவ்வளவுக்கும் நடுவில் எங்கேயும் திரை மாறி 'அடுத்த லெவல்' என்று வராது. ஸ்பெயினில் மாட்டிய டிரெய்லர் நார்வே வரை உங்கள் பின்னாலேயே வரும். அந்தத் தொடர்ச்சிதான் ஆளை உள்ளே இழுக்கிறது. கிராபிக்ஸெல்லாம் அப்புறம்தான்.

நிஜ தூரமா அது? (அதே நண்பர்)

இல்லை. பிரிட்டன் தவிர மற்ற இடங்களில் 19-க்கு 1 என்று சுருக்கியிருக்கிறார்கள். கோவையிலிருந்து கொச்சி சுமார் 190 கிலோமீட்டர். அந்தக் கணக்கில் 10 கிலோமீட்டர் சாலை போட்டால் போதும். கேமின் கடிகாரமும் அதே அளவுக்கு வேகமாக ஓடுவதால், நாலு மணி நேர ஓட்டம் 13 நிமிடத்துக்குள் முடியும். ஆனாலும் தூரம் போன உணர்வு வந்துவிடுகிறது. விடியலும் இருட்டும் வழியிலேயே வந்து போவது அதற்கு ஒரு காரணம்.

நான் நிஜ லாரி டிரைவர். பையன் இதிலேயே கிடக்கிறான். பிரயோஜனம் உண்டா? (வேலந்தாவளம்)

அண்ணே, உங்கள் அனுபவத்துக்கு இது ஈடே இல்லை. லோடு வண்டியின் பாரம் உடம்பில் தெரியாது, இடித்தால் உயிர் போகாது. அந்தப் பயம் இல்லாமல் கற்றது பாதிதான். ஆனால் இரண்டு விஷயம் நன்றாகப் படியும். ஒன்று, இறக்கத்தில் பிரேக்கை மட்டும் நம்பாமல் கியரைக் குறைத்து இன்ஜின் பிரேக்கில் இறங்குவது. இன்னொன்று, டிரெய்லரோடு ரிவர்ஸ் எடுப்பது. டிரெய்லர் வலப்பக்கம் போக ஸ்டியரிங்கை இடப்பக்கம் ஒடிக்க வேண்டும் என்பதை இப்போது அவனே உங்களுக்குச் செய்து காட்டுவான். ஒரு நாள் பக்கத்தில் உட்கார்ந்து, கண்ணாடியை எப்போது பார்க்க வேண்டும் என்று சொல்லிக்கொடுங்கள். அதைக் கேம் சொல்லித் தராது.

வலப்பக்கம் ஓட்டி எனக்குப் பழக்கமே இல்லை. (மீனாட்சிபுரம்)

பிரிட்டனில் ஆரம்பியுங்கள். அங்கே நம் ஊர் மாதிரி இடப்பக்கம்தான். பழகிய பிறகு டோவரில் கப்பல் ஏறி பிரான்ஸின் கலே துறைமுகத்துக்குப் போகலாம்.

அப்டேட் வந்ததும் புரோமாட்ஸ் போட்ட கேம் திறக்கவே மாட்டேன் என்கிறது. (கஞ்சிக்கோடு)

மேப் மாட் (ரசிகர்கள் செய்து கேமோடு சேர்க்கும் மேப்) ஒவ்வொன்றும் கேமின் குறிப்பிட்ட வெர்ஷனுக்காகச் செய்தது. கேம் வாங்கி இறக்கும் ஸ்டீம் செயலியில் கேமின் பிராப்பர்ட்டீஸைத் திறந்து, பீட்டாஸ் பகுதியில் பழைய வெர்ஷனைத் தேர்வு செய்தால் சரியாகிவிடும். மாட் மேனேஜரில் வரிசையையும் பாருங்கள், மேலே இருப்பதற்கே முன்னுரிமை. எதையும் மாற்றும் முன் டாக்குமெண்ட்ஸில் இருக்கும் புரொபைல் போல்டரை நகலெடுத்து வையுங்கள். சேர்த்த பணம், வாங்கிய வண்டி எல்லாம் அதில்தான் இருக்கிறது.

முதலில் எதை வாங்கலாம்? (கோபாலபுரம்)

ஸ்காண்டிநேவியா. மலை, கடல், கப்பல், குறுகலான சாலை எல்லாம் ஒரே இடத்தில் கிடைக்கும். அடுத்து கருங்கடல். புரோமாட்ஸ் இலவசம்தான், ஆனால் அதை முழுதாகப் போட காசு கொடுத்து வாங்கும் மேப்கள் பல கையில் இருக்க வேண்டும். அவசரம் வேண்டாம், ஸ்டீமில் தள்ளுபடி வரும்போது ஒவ்வொன்றாகச் சேருங்கள்.