ஆட்டக்காரர்களே நடத்தும் சர்வர்கள்: வாசகர் கேள்விகளும் பதில்களும்

துப்பாக்கிச் சண்டை விளையாட்டுகளில், தயாரித்த நிறுவனம் நடத்தும் சர்வர்களை (ஆட்டக்காரர்களை இணையத்தில் ஒன்றுசேர்க்கும் கணினிகளை)த் தவிர ஆட்டக்காரர்களே சொந்தச் செலவில் நடத்தும் சர்வர்களும் உண்டு. இவற்றைக் கம்யூனிட்டி சர்வர் என்கிறோம். அண்மையில் வந்த கேள்விகளில் பெரும்பகுதி இவற்றைப் பற்றியதாகவே இருந்தது. எனக்கு இதில் மகிழ்ச்சிதான். பிரவுசிங் சென்டரில் கவுன்டர் ஸ்ட்ரைக் 1.6 ஆடிய நாளிலிருந்து என் நல்ல நண்பர்கள் பலரை இப்படிப்பட்ட சர்வர்களில்தான் சந்தித்திருக்கிறேன்.

என் நண்பன் கவுன்டர் ஸ்ட்ரைக் 2-இல் தினமும் ஒரே சர்வரில் ஆடுகிறான். நான் ‘பிளே’ பொத்தானை அழுத்தினால் வழக்கமான போட்டிகளே வருகின்றன. அவன் சர்வரை எங்கே தேடுவது?
*– கல்லூரி மாணவர், மதுரை*

வழக்கமான தேடல் உங்களை, விளையாட்டைத் தயாரித்த வால்வ் நிறுவனத்தின் சர்வர்களுக்கே அனுப்பும். ஆட்டக்காரர்களின் சர்வர்களுக்குத் தனிப் பட்டியல் இருக்கிறது. விளையாட்டைத் திறக்காமலேயே அதைப் பார்த்துவிடலாம். விளையாட்டை வாங்கி இயக்கப் பயன்படும் ஸ்டீம் செயலியின் மேல் வரிசையில் ‘வியூ’ மெனுவைத் திறந்து ‘கேம் சர்வர்ஸ்’ என்பதைச் சொடுக்குங்கள். இன்டர்நெட், ஃபேவரிட்ஸ், ஹிஸ்டரி, ஃபிரண்ட்ஸ், லேன் என்று பிரிவுகள் தெரியும். முதலில் விளையாட்டின் பெயரைத் தேர்ந்தெடுங்கள். இல்லாவிட்டால் வேறு விளையாட்டுகளின் சர்வர்களும் கலந்து வரும்.

அப்படியும் நண்பனின் சர்வர் தென்படவில்லை என்றால், பெரும்பாலும் வடிகட்டிதான் காரணம். ‘கடவுச்சொல் இல்லாதவை மட்டும்’, ‘காலியாக இல்லாதவை மட்டும்’ என்று எப்போதோ குறி இட்டிருப்பீர்கள்; ஸ்டீம் அதை மறப்பதில்லை. நண்பன் கடவுச்சொல் போட்ட சர்வரில் ஆடினால் அது உங்கள் கண்ணில் படவே படாது. எல்லாக் குறிகளையும் எடுத்துவிட்டுப் பாருங்கள்.

இதைவிட நேரான வழி முகவரியைக் கேட்டு வாங்குவது. நண்பன் தன் ஹிஸ்டரி பிரிவில் அந்தச் சர்வரை வலது சொடுக்கு செய்து விவரம் பார்த்தால் ஐபி முகவரியும் போர்ட் எண்ணும் (அந்தக் கணினிக்குள் சர்வருக்கான வாசல் எண்) கிடைக்கும். போர்ட் பெரும்பாலும் 27015 ஆக இருக்கும். நீங்கள் விளையாட்டின் அமைப்புகளில் டெவலப்பர் கன்சோலை இயக்கி, எஸ்கேப் விசைக்குக் கீழுள்ள விசையை அழுத்தி, ‘கனெக்ட்’ என்ற ஆங்கிலச் சொல்லை அடுத்து அந்த முகவரியைத் தட்டினால் போதும். உள்ளே போனதும் செய்ய வேண்டிய முதல் வேலை, அந்தச் சர்வரை ஃபேவரிட்ஸில் சேர்ப்பது. பெரிய பட்டியலில் மறுநாள் அதைத் தேடி அலைய வேண்டாம்.

கொழும்பில் இருக்கிறேன். பட்டியலில் சென்னை, மும்பை, சிங்கப்பூர், பிராங்ஃபர்ட் என்று நான்கு ஊர்ச் சர்வர்கள் வருகின்றன. எதில் சேருவது?
*– வாசகர், கொழும்பு*

முதலில் தூரத்தைக் கணக்கிடுங்கள். கண்ணாடி இழைக்குள் ஒளி நொடிக்குச் சுமார் 2 லட்சம் கிலோமீட்டர் போகும். அதாவது 1 மில்லிநொடிக்கு 200 கிலோமீட்டர். உங்களிடமிருந்து சிங்கப்பூர் ஏறத்தாழ 2,700 கிலோமீட்டர். போய்வர 27 மில்லிநொடிக்குக் கீழே எந்த நிறுவனத்தாலும் குறைக்க முடியாது. பிராங்ஃபர்ட் 8,000 கிலோமீட்டர். போய்வர குறைந்தது 80. உண்மையில் கேபிள் நேர்க்கோட்டில் போவதில்லை, இடையில் கருவிகள் பல இருக்கின்றன. ஆகவே இதைவிடக் கூடுதலாகவே வரும்.

ஆனால் பக்கத்து ஊர் என்பதற்காகப் பிங் (தகவல் சர்வருக்குப் போய்வரும் நேரம்) குறைந்துவிடாது. உங்கள் இணைய நிறுவனம் சென்னைக்குப் போக வேண்டியதை முதலில் சிங்கப்பூருக்கு அனுப்பி, அங்கிருந்து திருப்பி அனுப்பக்கூடும். அப்போது வரைபடத்தில் தொலைவான சிங்கப்பூரே உங்களுக்கு நெருக்கம். ஊர்ப் பெயரை நம்பாமல், மாலை நேரத்தில் நான்கிலும் பத்துப் பத்து நிமிடம் ஆடிப் பாருங்கள். பிங் எண் சிறியதாக இருப்பதைவிட, ஏறி இறங்காமல் நிலையாக இருப்பதே முக்கியம். நிலையான 70-இல் நான் நிம்மதியாக ஆடியிருக்கிறேன். 30-க்கும் 120-க்கும் நடுவே குதிக்கும் சர்வரில் பத்து நிமிடம்கூடத் தாக்குப்பிடிக்க முடியவில்லை.

பட்டியலில் 30/32 என்று காட்டுகிறது. உள்ளே போனால் ஓர் ஆள்கூட இல்லை. சில நேரம் வேறு சர்வருக்கே தள்ளிவிடுகிறது. என்ன நடக்கிறது?
*– வாசகர், கோயம்புத்தூர்*

ஏமாற்று. பட்டியலில் தெரியும் ஆள் எண்ணிக்கை அந்தச் சர்வரே தன்னைப் பற்றிச் சொல்லிக்கொள்வது. பொய் சொல்லவும் அதனால் முடியும். நிரம்பியது போல் காட்டி இழுத்து, தங்களுடைய வேறொரு சர்வருக்குத் தள்ளுகிறார்கள். நேர்மையாகச் சர்வர் நடத்துபவர்கள் பட்டியலின் அடியில் புதைந்துபோவதுதான் எனக்கு வேதனை.

கண்டுபிடிக்கச் சில அடையாளங்கள் இருக்கின்றன. ஒரே பெயர் போர்ட் எண் மட்டும் மாறி இருபது முப்பது முறை வந்தால் விலகுங்கள். சேருவதற்கு முன் விவரத்தைத் திறந்து ஆட்டக்காரர் பட்டியலைப் பாருங்கள். உண்மையான சர்வரில் ஒருவர் 4 நிமிடமாக இருப்பார், இன்னொருவர் 2 மணி நேரமாக இருப்பார். புள்ளிகளும் தாறுமாறாக இருக்கும். பெயர்களே வராவிட்டால், அல்லது எல்லோரும் ஒரே நேரத்தில் வந்ததாகக் காட்டினால் சந்தேகப்படுங்கள். உள்ளே போனதும் ஏதாவது இணையப் பக்கத்தில் ஸ்டீம் கணக்கைக் கொண்டு நுழையச் சொன்னால், உடனே வெளியேறிவிடுங்கள். விலையுயர்ந்த துப்பாக்கித் தோற்றங்களை இலவசமாகத் தருவதாகச் சொன்னாலும் அப்படியே.

நேற்றுவரை ஆடிய சர்வர் இன்று பதிப்பு பொருந்தவில்லை என்கிறது.
*– வாசகர், சேலம்*

விளையாட்டுக்குப் புதுப்பிப்பு வந்திருக்கும். உங்கள் கணினி புதுப்பித்துக்கொண்டது, சர்வர் இன்னும் புதுப்பிக்கவில்லை. அல்லது சர்வரில் உள்ள செருகுநிரல்கள் (கூடுதல் வசதி தரும் சிறு நிரல்கள்) புதிய பதிப்போடு ஒத்துப்போகவில்லை. நடத்துபவர் சம்பளம் வாங்காமல், வேலை முடிந்து வந்து இதைச் சரிசெய்பவர். ஓரிரு நாள் பொறுங்கள்.

நாங்கள் ஐந்து நண்பர்கள், ஐந்து வீடுகள். என் கணினியிலேயே சர்வர் ஓட்டுகிறேன். ரவுட்டரில் 27015 போர்ட்டைத் திறந்துவிட்டேன். ஆனாலும் யாராலும் நுழைய முடியவில்லை.
*– பொறியியல் மாணவர், திருநெல்வேலி*

மற்ற எதையும் தொடும் முன் ஒரு சோதனை. ரவுட்டரின் பக்கத்தைத் திறந்து, இணைய நிறுவனம் ரவுட்டருக்குக் கொடுத்திருக்கும் ஐபி முகவரியைக் குறித்துக்கொள்ளுங்கள். பிறகு, ‘என் ஐபி முகவரி என்ன’ என்று காட்டும் ஏதாவது ஒரு தளத்தில் பாருங்கள். இரண்டும் ஒன்றாக இருக்கின்றனவா?

வேறு வேறாக இருந்தால், குறிப்பாக ரவுட்டரின் எண் 100.64 முதல் 100.127 வரையிலான எல்லைக்குள் தொடங்கினால், உங்கள் நிறுவனம் ஒரே பொது முகவரியைப் பல வீடுகளுக்குப் பகிர்ந்து கொடுத்திருக்கிறது. அடுக்குமாடிக் குடியிருப்பின் பொது வாசலுக்கு வந்த கடிதம் போலத்தான் இது. எந்த வீட்டுக்கு என்று வாசலில் எழுதிவைக்காமல் உங்கள் வீட்டுக் கதவை எவ்வளவு திறந்துவைத்தும் பயனில்லை. வாசல் நிறுவனத்தின் கையில் இருக்கிறது. நம் ஊர் இணைப்புகளில் இது மிகச் சாதாரணம். ஒரு மாதம் முழுவதும் ரவுட்டரை மாற்றி மாற்றிப் பார்த்த பிறகே எனக்கு இது புரிந்தது. நான்கு முறை தொலைபேசியில் அழைத்தும் அந்த நிறுவனத்தில் யாரும் இதைச் சொல்லவில்லை.

வழிகள் மூன்று. மாதக் கட்டணம் கட்டித் தனிப் பொது முகவரி கேட்கலாம். மும்பை போன்ற ஊரில் சிறிய சர்வர் ஒன்றை வாடகைக்கு எடுக்கலாம். ஐந்து பேர் மட்டும் ஆடுவதற்கு நான் பரிந்துரைப்பது மூன்றாவது வழி: டெயில்ஸ்கேல் அல்லது ஜீரோடயர் போன்ற மென்பொருளை ஐவரும் நிறுவிக்கொள்ளுங்கள். அது உங்கள் ஐந்து கணினிகளையும் ஒரே அறையில் இருப்பது போல் இணைத்துவிடும். அது கொடுக்கும் முகவரியை வைத்து நண்பர்கள் சேரலாம். போர்ட் எதையும் திறக்க வேண்டியதில்லை, வீட்டு முகவரியை வெளியாளிடம் காட்ட வேண்டியதும் இல்லை.

இரண்டு எண்களும் ஒன்றாகவே இருந்தால் யுடிபி வகைக்குத்தான் போர்ட் திறந்திருக்கிறீர்களா என்று பாருங்கள் (யுடிபி, டிசிபி இரண்டும் தகவல் அனுப்பும் முறைகள்). டிசிபிக்கு மட்டும் திறந்துவிட்டுத் தவிப்பவர்கள் பலர். விண்டோஸ் ஃபயர்வாலையும் பாருங்கள். நீங்களே உங்கள் பொது முகவரியைத் தட்டிச் சோதிக்காதீர்கள். உள்ளிருந்து கிளம்பி உள்ளேயே திரும்பும் அழைப்பைப் பல ரவுட்டர்கள் அனுமதிப்பதில்லை. சர்வர் நன்றாக ஓடும்போதே ஓடவில்லை என்று முடிவு கட்டிவிடுவீர்கள். வெளியில் இருக்கும் நண்பரைச் சோதிக்கச் சொல்லுங்கள்.

உங்கள் சர்வர் உலகப் பட்டியலிலும் தெரிய வேண்டுமானால், ஸ்டீமில் சர்வருக்கென்று ஒரு டோக்கன் (அடையாளக் குறியீடு) உருவாக்கி இணைக்க வேண்டும். அதற்குக் கணக்கில் தொலைபேசி எண் பதிவாகியிருக்க வேண்டும். இல்லாத துப்பாக்கித் தோற்றங்களை இருப்பதாகக் காட்டும் செருகுநிரலைப் போட்டால் வால்வ் அந்த டோக்கனைத் தடை செய்யும். ஆகவே ஆசைப்படாதீர்கள்.

மைக்கில் பேசினாலே ‘பெண்ணா?’ என்று தொடங்கிவிடுகிறார்கள். பேசாமலேயே ஆட வேண்டியதுதானா?
*– வாசகி, திருச்சி*

வேண்டியதில்லை. தொல்லை தருபவரின் பெயரை மதிப்பெண் பலகையில் சொடுக்கி அவர் குரலை அடக்கிவிடலாம். ஆனால் அதை மட்டுமே தீர்வாகச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. தவறு செய்தவர் பேசிக்கொண்டே இருக்க, நீங்கள் காதைப் பொத்திக்கொள்வது நியாயமல்ல.

ஆட்டக்காரர்கள் நடத்தும் சர்வர்களின் பெரிய பலம் இங்கேதான் இருக்கிறது. அங்கே வீட்டுக்காரர் ஒருவர் உண்டு. நல்ல சர்வரில் மாலை வேளையில் அட்மின் ஒருவராவது ஆடிக்கொண்டிருப்பார். அவர் ஒரு கட்டளையில் அந்த ஆளை வெளியேற்றி, ஸ்டீம் அடையாள எண்ணோடு தடை செய்துவிடுவார். சேரும் முதல் நாளே விதிகளைப் படியுங்கள், அட்மின் யார் என்று கேளுங்கள். புகார் சொன்ன பிறகு அவர் என்ன செய்கிறார் என்று பாருங்கள். சிரித்துவிட்டுக் கடந்தால் அந்தச் சர்வரை ஃபேவரிட்ஸிலிருந்து நீக்குங்கள். உங்கள் பேச்சுக்கு மதிப்பு தரும் இடங்கள் உண்மையிலேயே இருக்கின்றன.

என் மகன் பிஜிஎம்ஐ விளையாட்டில் ‘கஸ்டம் ரூம்’ சேர 50 ரூபாய் கட்டுகிறான். ஜெயித்தால் பணம் தருவார்களாம். இது சரியா?
*– ஒரு தந்தை, ஈரோடு*

கஸ்டம் ரூம் என்பதில் தவறு எதுவும் இல்லை. ஒருவர் அறையை உருவாக்கி, அறை எண்ணையும் கடவுச்சொல்லையும் தெரிந்தவர்களுக்குக் கொடுப்பார், அவர்கள் நுழைவார்கள். அறையை உருவாக்குபவருக்குத்தான் ‘ரூம் கார்டு’ தேவை. சேருபவரிடம் விளையாட்டு ஒரு காசும் கேட்பதில்லை. ஆகவே உங்கள் மகன் கட்டும் 50 ரூபாய் முகம் தெரியாத யாரோ ஒருவரின் கைக்குப் போகிறது. பணம் வாங்கியபின் கடவுச்சொல்லை மாற்றிவிட்டால் கேட்பதற்கு ஆள் இல்லை.

சட்டத்தையும் அவனிடம் சொல்லுங்கள். 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய இணையவழி விளையாட்டுச் சட்டம், பணம் கட்டிப் பணம் வெல்லும் எதிர்பார்ப்பில் ஆடும் இணைய விளையாட்டுகளைத் திறமையா அதிர்ஷ்டமா என்று பார்க்காமல் தடை செய்கிறது. சட்டத்தின் பிடி நடத்துபவர்களுக்குத்தான், ஆடுபவரை அது தண்டிப்பதில்லை. உரிய பதிவுபெற்ற இ-ஸ்போர்ட்ஸ் போட்டிகளின் நுழைவுக் கட்டணம் வேறு. வாட்ஸ்அப் குழுவில் வரும் 50 ரூபாய் அறை அந்த வகையில் சேராது.

ஒன்று மட்டும் கேட்டுக்கொள்கிறேன். தொலைபேசியைப் பிடுங்கிவிடாதீர்கள். அவனுடைய பள்ளி நண்பர்கள் சேர்ந்து, பணம் இல்லாமல், ஞாயிறு மாலையில் ஓர் அறை போட்டு ஆடட்டும். பக்கத்தில் உட்கார்ந்து ஓர் ஆட்டம் பாருங்கள்.

சர்ஃப் சர்வரில் சேர்ந்தேன். எல்லோரும் சாய்தளத்தில் வழுக்கிப் பறக்கிறார்கள். நான் மூன்று நொடியில் விழுந்துவிடுகிறேன்.
*– வாசகர், புதுச்சேரி*

முன்னே செல்லும் ‘டபிள்யூ’ விசையிலிருந்து விரலை எடுங்கள்! பாதிச் சிக்கல் தீர்ந்தது. சாய்தளம் உங்கள் வலப்பக்கம் இருந்தால் ‘டி’ விசையையும், இடப்பக்கம் இருந்தால் ‘ஏ’ விசையையும் மட்டும் அழுத்தியபடி, பார்வையை மவுஸால் மெதுவாகத் திருப்புங்கள். இந்தச் சர்வர்களில் காற்றில் திரும்பும் வேகத்தைக் கட்டுப்படுத்தும் எண்ணை வழக்கமான 12-லிருந்து 100, 150 என்று ஏற்றியிருப்பார்கள். அதனால்தான் அங்கே பறக்க முடிகிறது. முதல் நிலை மேப்புகளான (ஆட்டக்களங்களான) கிட்சுனே, உடோப்பியா ஆகியவை ஓடும் சர்வராகப் பார்த்துச் சேருங்கள். அங்கே விழுந்தாலும் யாரும் கோபித்துக்கொள்ள மாட்டார்கள். எல்லோரும் நூறு முறை விழுந்தவர்கள்தான்.

டீம் ஃபோர்ட்ரெஸ் 2-இல் நான் பல ஆண்டுகள் ஆடிய சர்வர் இன்னும் பட்டியலில் இருக்கிறது. ஆனால் எப்போதும் 0/24. மீட்க வழி உண்டா?
*– வாசகர், நாகர்கோவில்*

இந்தக் கேள்வியை இரண்டு முறை படித்தேன். என் ஃபேவரிட்ஸிலும் இப்படி நான்கைந்து பெயர்கள் இருக்கின்றன.

2007-இல் வந்த விளையாட்டு அது. பல ஆண்டுகள் சர்வர் பட்டியல்தான் அதன் முன்வாசல். 2016 ஜூலையில் வந்த பெரிய புதுப்பிப்பு, ஆட்டக்காரர்களைத் தானாகச் சர்வர்களில் சேர்த்துவிடும் பழைய முறையை எடுத்துவிட்டு, வால்வின் சொந்தச் சர்வர்களுக்கு அனுப்பும் ‘கேஷுவல்’ முறையைக் கொண்டுவந்தது. புதிதாக வருபவர் தற்செயலாக ஆட்டக்காரரின் சர்வரில் கால்வைப்பது அதோடு அரிதாகிவிட்டது.

காலியான சர்வரில் யாரும் நுழைய மாட்டார்கள். யாரும் நுழையாததால் அது காலியாகவே இருக்கும். இந்த முடிச்சை அவிழ்ப்பதற்கு நாங்கள் ‘சீடிங்’ என்று பெயர் வைத்திருக்கிறோம், விதை போடுவது. ஆறு பேர் வேண்டும். சனிக்கிழமை இரவு 9 மணி என்று ஒரே நேரத்தை வையுங்கள். அந்த ஆறு பேரும் 9 மணிக்கு உள்ளே இருக்க வேண்டும், ஆள் வந்தாலும் வராவிட்டாலும் 10 மணி வரை மூவருக்கு மூவராக ஆட வேண்டும். ஆறுக்கு ஏற்ற சிறிய மேப்பைப் போடுங்கள். ஏழாவதாக ஒருவர் வரும்போது பெயர் சொல்லி வணக்கம் சொல்லுங்கள், அணியைச் சமன்படுத்தி அவருக்கு இடம் கொடுங்கள்.

நடத்துபவருக்கு முதலில் ஒரு செய்தி அனுப்புங்கள். யாரும் வராத சர்வருக்கு இத்தனை ஆண்டுகள் வாடகை கட்டிக்கொண்டிருக்கும் மனிதர் அவர். உங்கள் செய்திக்காகத்தான் காத்திருக்கிறார் என்று நினைக்கிறேன். சர்வரின் பெயரை எனக்கும் அனுப்புங்கள். ஆறாவது ஆள் கிடைக்காவிட்டால் சனிக்கிழமை நான் வருகிறேன்.