தோமெக் கதைகளை எங்கிருந்து தொடங்குவது?

போலிஷ் மொழி பழக, தோமெக் என்ற சிறுவனின் சாகசக் கதைத்தொடரில் 'கிரான் சாக்கோவில் தோமெக்' வாங்கினேன், யார் யாரென்றே புரியவில்லை, போதாததற்கு எழுதியவர் சிறை சென்றவராமே, படிக்கலாமா என்று கேட்டிருக்கிறீர்கள்.

உங்கள் போலிஷில் குறையில்லை, அது எட்டாவது பாகம். ஏழாவதான அமேசான் கதை 1967இல் வந்தது. தோமெக்கின் தோழர்கள் ஸ்முகாவும் நொவித்ஸ்கியும் காட்டில் சிறைப்பட்டுக் கிடக்கும்போதே எழுத்தாளர் ஆல்ஃபிரெட் ஷ்க்லார்ஸ்கி அதை முடித்துவிட்டார், எட்டாவது வர 1987 ஆனது, அதற்குள் அன்றைய சிறுவர்கள் பிள்ளை பெற்றுவிட்டார்கள். அந்த முடிச்சோடு நேரே உள்ளே போனால் யாருக்குத்தான் புரியும்?

1957இல் வந்த முதல் பாகம், கங்காரு நாட்டுக் கதையை எடுங்கள். 1902, ரஷ்யப் பேரரசர் ஜாரின் ஆட்சியில் இருக்கும் வார்சா. ஜாருக்கு எதிரான சதியில் மாட்டாமல் தப்பியோடிய அப்பா, உறவினர் வீட்டில் வளரும் பையன் தோமெக். ஆஸ்திரேலியப் புதர்க்காட்டில் தொலைந்துபோன சாலி என்ற சிறுமியை அவளுடைய நாய் டிங்கோவை வைத்தே தேடும் இடம் வந்துவிட்டால் அகராதியை மறந்துவிடுவீர்கள். நடுநடுவே விலங்கு, பூகோளம் என்று நீளும் அடிக்குறிப்புகளை முதல் வாசிப்பில் தாண்டிவிடுங்கள், கதை அறுபடாது.

அப்புறம் சிறை. உண்மைதான். போர்க்காலத்தில் ஜெர்மானியர் நடத்திய போலிஷ் பத்திரிகைகளில் எழுதியதற்காக 1949இல் தண்டிக்கப்பட்டு, 1953இல் வெளியே வந்தார். தோமெக் அதற்குப் பின் பிறந்தவன். அவர் செய்ததை நான் நியாயப்படுத்தவில்லை, ஆனால் அதற்காக இந்தக் கதைகளை ஒதுக்க மாட்டேன். தாராளமாகப் படியுங்கள், சாக்கோவையும் பத்திரமாக வைத்திருங்கள், ஏழு பாகம் முடிந்ததும் உடனே தேவைப்படும்.