முகமூடி போட்டவன் திட்டினா வலிக்காதா?

அன்புள்ள அக்கா,

வெளிநாட்டுல கிளாசிக்ஸ் எம்.ஏ. பண்றேன். லத்தீன் செய்யுள் நையாண்டிதான் என் பேப்பர். அந்தப் பழைய ரோமானியக் கவிஞர்கள்ல ஹோரஸ் புடிச்சுது, பெர்சியஸ் தலை சுத்துது, ஜுவெனல்ல மாட்டிக்கிட்டேன். அவரோட ஆறாவது கவிதை கிட்டத்தட்ட எழுநூறு வரி, முழுக்க பொம்பளைங்களைத் திட்டறதுதான். படிச்சா கோவம் வருதுன்னு சொன்னேன். "பேசறது கவிஞர் இல்ல, அவர் போட்டுக்கிட்ட முகமூடி, நாம சிரிக்கறதே அந்த முகமூடியைப் பாத்துதான்"னு ப்ரொஃபஸர் சொல்லிட்டார். அப்ப நான் கோவப்படறது தப்பா? ஹோரஸ், ஜுவெனல் ரெண்டு பேர்ல யார் பெரிய ஆளு? எந்த மொழிபெயர்ப்பு வாங்கலாம்?

(பெயர் வேண்டாம்)

அக்கான்னு கூப்பிட்டுட்ட, அதனால நீன்னே எழுதறேன்மா.

மொழிபெயர்ப்பு எதை வேணா வாங்கு, பக்கத்துலயே லத்தீன் இருக்கணும், அவ்ளோதான். யார் பெரிய ஆளுங்கறது வேலை இல்லாதவங்க பேசற பேச்சு, விடு. ஆனா இந்த முகமூடி சமாச்சாரம் கொஞ்ச நாளாவே என் மண்டைக்குள்ள ஓடிட்டிருக்கு, உன் கடிதம் வந்து சரியா அங்கயே கை வச்சிருச்சு.

உன் ப்ரொஃபஸர் சொல்றது முட்டாள்தனம் இல்ல, அதை முதல்ல புரிஞ்சுக்க. 1954ல கில்பர்ட் ஹையெட்னு ஒரு ஆராய்ச்சியாளர் ஜுவெனல் பத்தி ஒரு புக் போட்டார், கவிதையில இருக்கற கசப்பையெல்லாம் அப்படியே அந்த மனுஷனோட வாழ்க்கைக் கதையா மாத்திட்டார். ரோமச் சக்கரவர்த்தி டொமிஷியன் நாடு கடத்தினான், சொத்து போச்சு, அதனால கோவம்னு. நிஜத்துல ஜுவெனல் வாழ்க்கை பத்தி நமக்குத் தெரிஞ்சது ஒரு கைப்பிடி கூட கிடையாது, அவர் காலத்து ஆள்கள்ல அவர் பேரைச் சொல்றது மார்ஷியல்ங்கற கவிஞர் மட்டும்தான். அதுக்கு பதிலாத்தான் வில்லியம் ஆண்டர்சன்னு இன்னொரு ஆராய்ச்சியாளர் வந்தார். 1964ல அவர் எழுதின கட்டுரை, ரோமானியத் தத்துவவாதி செனிகா கோபத்தைப் பத்தி எழுதினதைப் பக்கத்துல வச்சு, இந்தக் கத்தற ஆளை நாம நம்பக்கூடாது, நிதானம் போன ஒருத்தனா கவிஞரே வேணும்னு செஞ்சு வச்சிருக்கார்னு வாதாடுது. நல்ல வாதம். பின்னாடி வர்ற கவிதைகள்ல தொனி மாறி, பதிமூணாவதுல கோபத்தையே கிண்டல் பண்றதுக்கும் இதை வச்சு விளக்கம் சொல்ல முடியுது. அதுக்கு முன்னாடி 1865ல ஒட்டோ ரிப்பெக்னு ஒரு ஜெர்மன்காரர் என்ன பண்ணார் தெரியுமா, கோவம் குறைஞ்ச பிற்காலக் கவிதைகள்ல பலது ஜுவெனலே எழுதலன்னு வெட்டித் தள்ளிட்டார்! அதைவிட முகமூடி எவ்வளவோ தேவலை.

ஆனா வர வர அது ஒரு சலுகைச் சீட்டு ஆயிருச்சு. எங்க பெரியப்பா ஒருத்தர் இருந்தார். கூடத்துல எல்லாரும் இலை போட்டு உக்காந்திருக்கறப்ப ஒரு குறளைத் தப்பா சொல்வார், பெரியம்மா ரசம் ஊத்திக்கிட்டே சரியான வார்த்தையை எடுத்துக் குடுப்பாங்க, உடனே இவர் "ஊர்ல எல்லாரும் கல்யாணம் பண்ணிக்கிட்டானுங்க, நான் ஒரு டிக்‌ஷனரியைக் கட்டிக்கிட்டேன்"பார், பந்தியே சிரிக்கும். பெரியம்மா முகம் சுண்டுனா "அட தமாஷும்மா"ன்னு அடுத்த வரி ரெடியா இருக்கும். இத்தனைக்கும் பெரியம்மா கல்யாணத்துக்கப்புறம் தமிழ் எம்.ஏ. படிச்சதுக்கு ஃபீஸ் கட்டினது அதே பெரியப்பாதான். அவர் கெட்டவரா, நடிச்சாரான்னு நீ என்னைக் கேட்டா எனக்கு எரிச்சல்தான் வரும். அந்த வார்த்தை போய் விழுந்த இடம் பெரியம்மா. அதைப் பத்தி யாராவது பேசுங்கப்பான்னுதான் இருக்கும்.

இப்ப ஆறாவது கவிதையை எடு, 434வது வரிக்குப் போ. விருந்துல ஒரு பொம்பளை சாய்ஞ்சு உக்காந்ததுமே மகாகவி வெர்ஜிலைப் பாராட்ட ஆரம்பிக்கறா, அவர் காவியத்துல சாகப்போற ராணி டைடோவை மன்னிக்கறா, தராசுல ஒரு பக்கம் வெர்ஜில் ஒரு பக்கம் கிரேக்கக் கவி ஹோமர்னு வச்சு நிறுக்கறா. இலக்கண வாத்தியார்லாம் பின்வாங்கறாங்க, பேச்சுக்கலை வாத்தியார்லாம் தோத்துப்போறாங்க, வக்கீல் வாய் திறக்க முடியல, ஏலம் கூவறவன் வாய் திறக்க முடியல, இன்னொரு பொம்பளையாலயே முடியல. பாத்திரமும் மணியும் சேத்து அடிக்கற மாதிரி சத்தம். கிரகணத்தப்போ நிலாவைக் காப்பாத்த இனிமே யாரும் தாரை தப்பட்டை அடிக்க வேணாம், இவ ஒருத்தி போதுமாம். கடைசில, புருஷனுக்குப் பேச்சுல ஒரு இலக்கணப் பிழை பண்றதுக்காவது அனுமதி வேணும்னு கவிதையில பேசறவன் கெஞ்சறான், அதையும் ஒரு பிழை இல்லாத வரியில!

அந்தப் பொம்பளை யாருன்னு தெரியுதா? லத்தீன் கவிதைல எம்.ஏ. பண்ற நீதான்மா. பேசறவன் கேலிக்குரியவன், படிச்ச பொண்டாட்டியைப் பாத்து நடுங்கறவன், ஒத்துக்கறேன், முகமூடிக்காரங்களுக்கு இதைவிட நல்ல சாட்சி கிடைக்காது. ஆனா நிலா ஜோக்குக்கு நான் சத்தமா சிரிச்சேன், சிரிச்சது அவளைப் பாத்து. ஒரே வரி ரெண்டு பேரையும் அடிக்குது. "அது வெறும் முகமூடி"ன்னா ஒரு அடி மட்டும் காணாமப் போயிருது, அதுவும் உன்மேல விழுந்த அடி. எமி ரிச்லின்னு ஒரு ஆராய்ச்சியாளர் 1983லயே, ரோமானிய நையாண்டியில சிரிக்கறவன் யாரு, யாரை மிரட்ட சிரிக்கறான்னு கேளுங்கன்னு எழுதியாச்சு, இன்னமும் கிளாஸ்ல புதுசா கேக்கற மாதிரி முழிக்கறாங்கன்னா என்ன சொல்றது.

அதுக்காக நீ அந்தக் கவிதையைத் தூக்கி எறிஞ்சா உன்னையும் திட்டுவேன். ஏற்கெனவே எறிஞ்சு பாத்தாச்சு. 19ம் நூற்றாண்டுல ஜான் மேயர் போட்ட பெரிய உரைக்குப் பேரே "ஜுவெனலின் பதிமூணு கவிதைகள்", மொத்தம் இருக்கறது 16. 2, 6, 9 மூணும் மாணவர்கள் கண்ணுல படக்கூடாதுன்னு வெளியே. அவ்வளவு படிச்ச மனுஷன், அடிக்குறிப்பெல்லாம் கடல் மாதிரி இருக்கும், ஆனா அந்த மூணு கவிதையும் கிடையாது. மேயர் கவிதையை எடுத்துட்டார், ரிப்பெக் பிடிக்காத பகுதியை எடுத்துட்டார், இப்ப இருக்கறவங்க பேசற ஆளை எடுத்துட்டாங்க. யாருக்கும் கை அழுக்காகக்கூடாது.

இன்னொண்ணு சொல்லிடறேன். 1899ல வின்ஸ்டெட்னு ஆக்ஸ்ஃபோர்ட்ல டிகிரி படிச்சிட்டிருந்த ஒரு பையன், போட்லியன் லைப்ரரில ஒரு சுவடியைப் புரட்டறப்ப இதே ஆறாவது கவிதைல வேற எந்தச் சுவடிலயும் இல்லாத 36 வரியைக் கண்டுபுடிச்சான். அது ஜுவெனல் எழுதினதா இல்லையான்னு பெரிய பெரிய ஆளுங்க சண்டை போட்டாங்க, ஆனா கண்டது அந்தப் பையன். அதனால "நான் வெறும் ஸ்டூடண்ட்தானே அக்கா"ங்கற பேச்சை என்கிட்ட வச்சுக்காத.

கோவத்தோடயே எழுது. 434லருந்து 456 வரைக்கும் மட்டும் எடுத்துக்க, முகமூடிங்கற வார்த்தையே வராம பத்து பக்கம் எழுதிட்டு அதை ப்ரொஃபஸர்கிட்ட குடு. எனக்கும் ஒரு காப்பி அனுப்பு, லத்தீன்ல தப்பு இருந்தா நிச்சயம் திருத்துவேன், தமாஷும்மான்னு சொல்ல மாட்டேன்.